இஸ்த்வான் சாபோவின் படங்களை எங்கே தொடங்கி எப்படிப் பார்ப்பது

ஹங்கேரி சினிமா என்று யாராவது பேச்செடுத்தால் உடனே ஏழு மணி நேரக் கறுப்பு வெள்ளைப் படம், ஓயாத மழை, சேறு, மாடுகள் என்று சொல்லிப் பயமுறுத்திவிடுகிறார்கள். இஸ்த்வான் சாபோ அந்த வகை இல்லை. கதை சொல்வார், பெரிய நடிகர்களை வைத்துக்கொண்டு சொல்வார், உலக சினிமா என்றாலே கொட்டாவி விடுகிற ஆள்கூட இரண்டரை மணி நேரம் எழுந்திருக்காமல் பார்க்கிற மாதிரி சொல்வார். 1981இல் வந்த ‘மெஃபிஸ்டோ’தான் ஹங்கேரிக்கு முதல் வெளிநாட்டு மொழிப்பட ஆஸ்கரை வாங்கிக் கொடுத்தது, அதற்கு முன்னும் பின்னுமாக ‘கான்ஃபிடன்ஸ்’, ‘கர்னல் ரெட்ல்’, ‘ஹனுசென்’ மூன்றும் அதே பிரிவில் பரிந்துரைக்கப்பட்டன. 2021இல் கோவா திரைப்பட விழாவின் சத்யஜித் ராய் வாழ்நாள் சாதனையாளர் விருது மார்ட்டின் ஸ்கோர்செசேவுக்கும் இவருக்கும் அறிவிக்கப்பட்டது.

சிக்கல் என்னவென்றால், எங்கே தொடங்குவது என்று கேட்டால் எல்லோரும் ‘மெஃபிஸ்டோ’ என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள். அதை முதலில் பார்த்தால் நல்ல நாஜி காலப் படம் ஒன்று பார்த்த திருப்தியோடு நின்றுவிடுவோம், அந்த மனிதர் வாழ்நாள் முழுக்க ஒரே கேள்வியைத்தான் விடாமல் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்பது தெரியாமலே போய்விடும். பிழைத்துக் கிடப்பதற்காக நீ எதை விட்டுக்கொடுத்தாய், அப்புறம் அதை உனக்கே எப்படி நியாயப்படுத்திக்கொண்டாய்? இதுதான் கேள்வி. அதனால் என் வரிசை கொஞ்சம் வேறு: ‘ஃபாதர்’, ‘கான்ஃபிடன்ஸ்’, ‘மெஃபிஸ்டோ’, அதற்குப் பிறகு படம் எதுவும் போடாமல் 2006இல் அவரைப் பற்றி வெளிவந்த ஒரு செய்தி, அது தெரிந்த பிறகு ‘டேக்கிங் சைட்ஸ்’, கடைசியாக ‘சன்ஷைன்’. மற்றவை அவரவர் விருப்பம், அவற்றையும் சொல்கிறேன்.

பார்க்க உட்காரும் முன்

ஒரு துண்டுச்சீட்டில் சில ஆண்டுகளை எழுதிப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை, சாபோ தன் ஊர்க்காரர்களுக்கு எதையும் விளக்கமாட்டார், சுவரில் ஒரு கொடி மாறும், சட்டைக் கையில் ஒரு பட்டை மாறும், அதிலேயே ஓர் ஆட்சி போய் இன்னோர் ஆட்சி வந்திருக்கும். 1867இலிருந்து முதல் உலகப் போர் முடியும்வரை ஆஸ்திரியாவும் ஹங்கேரியும் ஒரே பேரரசரின் கீழ். 1920இல் ட்ரியனான் என்ற போருக்குப் பிந்திய சமாதான ஒப்பந்தம், நாட்டின் மூன்றில் இரண்டு பங்கு நிலம் போயிற்று. 1938 முதல் யூதர்களுக்கு எதிரான சட்டங்கள். 1944 மார்ச்சில் ஜெர்மன் படை உள்ளே வருகிறது, அக்டோபரில் ‘அம்புச் சிலுவை’ என்ற உள்ளூர் பாசிசக் கட்சி ஆட்சியைப் பிடிக்கிறது. 1945 தொடக்கத்தில் சோவியத் படை புடாபெஸ்ட்டைக் கைப்பற்றுகிறது. அப்புறம் ஸ்டாலின் பாணி ஆட்சி. 1956 அக்டோபரில் மக்கள் எழுச்சி, நவம்பரில் சோவியத் டாங்கிகள் அதை நசுக்குகின்றன. 1989இல் கம்யூனிஸ்ட் ஆட்சி முடிந்து எல்லாம் மறுபடி மாறுகிறது. இவ்வளவு போதும்.

சாபோ பிறந்தது 1938 பிப்ரவரியில், புடாபெஸ்ட்டில், யூத வம்சாவளியில் வந்த ஒரு மருத்துவர் குடும்பத்தில். கத்தோலிக்கத்துக்கு மாறிய குடும்பம்தான், ஆனால் 1944இல் அந்த மாற்றத்தை யாரும் கணக்கில் எடுக்கவில்லை. ஒளிந்திருந்து தப்பினார்கள். போர் முடிந்த கையோடு அப்பா தொண்டை அடைப்பான் நோயில் இறந்துபோனார். பையனுக்கு ஏழு வயது. இதை மட்டும் மனதில் வைத்துக்கொண்டு முதல் படத்தைப் போடுங்கள்.

ஃபாதர் (1966)

அவருடைய இரண்டாவது முழுநீளப் படம். திரைப்படக் கல்லூரி முடித்து, பேலா பலாஷ் ஸ்டூடியோ என்று இளம் இயக்குநர்களுக்காக இருந்த இடத்தில் குறும்படங்கள் எடுத்துவிட்டு, 1964இல் முதல் படம் எடுத்து, இருபத்தெட்டு வயதில் இதை எடுக்கிறார். கதை, திரைக்கதை எல்லாம் அவரே. மாஸ்கோ விழாவில் பெரிய பரிசு.

போரின் முடிவில் இறந்துபோன மருத்துவர் ஒருவரின் மகன், தாக்கோ, பள்ளிக்கூடத்தில் அப்பாவைப் பற்றி அளந்து விடுகிறான். அப்பா நாஜிகளை எதிர்த்துச் சண்டை போட்ட வீரர், ஆட்களைக் காப்பாற்றியவர், அப்படி இப்படி என்று. பொய் வளர வளர அவனே நம்பத் தொடங்குகிறான். பெரியவனான பிறகு அப்பாவைத் தெரிந்தவர்களைத் தேடிப்போய் விசாரித்தால், அவர் நல்ல மனிதர், சாதாரண மனிதர், அவ்வளவுதான் கிடைக்கிறது.

இதில் ஓர் இடத்தை இரண்டு தடவை பாருங்கள். கல்லூரி மாணவனான தாக்கோவும் அவன் காதலியும் ஒரு படப்பிடிப்பில் துணை நடிகர்களாக நிற்கிறார்கள். 1944இல் யூதர்களை ஓட்டிக்கொண்டு போகிற காட்சி, பாலத்தின் மேல் எடுக்கிறார்கள். இருவர் கோட்டிலும் யூதர்களுக்கான மஞ்சள் நட்சத்திரம். அந்தப் பெண் நிஜமாகவே யூதக் குடும்பத்துப் பெண். காவலாளி வேடத்துக்கு ஆள் குறைகிறது என்று உதவி இயக்குநர் வந்து தாக்கோவைக் கூட்டத்திலிருந்து வெளியே இழுத்து, நட்சத்திரத்தைக் கழற்றிவிட்டு அம்புச் சிலுவைப் பட்டையைக் கையில் மாட்டிவிடுகிறார். அதே பையன், அதே பாலம், ஒரு நிமிடம் முன்னால் ஓட்டப்படுகிறவன், இப்போது ஓட்டுகிறவன். அவனைக் கேட்டுச் செய்யவில்லை, அவன் மறுக்கவும் இல்லை. வசனம் எதுவும் பெரிதாக இல்லை, யாரும் அழுவதில்லை, வேலை நடக்கிறது. பின்னால் வரப்போகும் சாபோ முழுவதும் இந்தச் சில நிமிடங்களில் இருக்கிறார் என்பது என் கட்சி.

பிடித்திருந்தால் இதற்கு அடுத்து வந்த ‘லவ்ஃபிலிம்’ (1970), ‘25 ஃபயர்மேன்ஸ் ஸ்ட்ரீட்’ (1973) இரண்டையும் பார்க்கலாம். நினைவும் கனவும் காலமும் குழம்பி வரும், இரண்டாவதில் இடிக்கப்படப்போகும் ஒரு வீட்டின் ஆட்கள் ஒரே இரவில் முப்பது வருடத்தைக் கனவு காண்கிறார்கள். பிடிக்கவில்லை என்றால் கவலையே வேண்டாம், தாண்டிப் போங்கள். இந்தக் கனவுப் பாணியை அவரே எழுபதுகளின் முடிவில் விட்டுவிட்டார்.

கான்ஃபிடன்ஸ் (1980)

கனவு பாணி போய் அறைக்குள் வந்துவிட்டார். இதிலிருந்துதான் ஒளிப்பதிவாளர் லாயோஷ் கோல்தாய் கூட வருகிறார், அடுத்த கால் நூற்றாண்டில் முக்கியமான படங்களுக்கெல்லாம் அவர்தான் கேமரா. 1944, புடாபெஸ்ட். சினிமா பார்த்துவிட்டு வெளியே வரும் ஒரு பெண்ணிடம், வீட்டுக்குப் போகாதே, உன் கணவரைத் தேடுகிறார்கள் என்று சொல்லி, பொய்ப் பெயரில் ஒரு அடையாளச் சீட்டைக் கொடுத்து, முன்பின் தெரியாத ஒரு ஆணோடு கணவன் மனைவியாக நடிக்கச் சொல்லி ஒரு வீட்டில் வைத்துவிடுகிறார்கள். படம் முழுக்க அந்த ஒரு அறைதான். வீட்டுக்காரர்களான வயசான தம்பதியைக்கூட நம்ப முடியாது. அந்த ஆள் யானோஷ் தலைமறைவு வாழ்க்கையில் ஊறிப்போனவன், யாரையும் நம்புவதில்லை, படுக்கையில் பக்கத்தில் இருப்பவளையும் சேர்த்து.

இதைப் பார்க்கும்போது கதையை விட்டுவிட்டு முகங்களைக் கவனியுங்கள். ஒரு மனித முகத்தில் ஓர் உணர்ச்சி பிறந்து மாறுவதைப் பக்கத்தில் போய்க் காட்டுவது சினிமாவால் மட்டும்தான் முடியும் என்பது சாபோ பல இடங்களில் சொல்லிவருகிற விஷயம். இல்திகோ பான்சாகியின் முகத்தில் சந்தேகம் எந்த நொடியில் ஆசையாகிறது, ஆசை எந்த நொடியில் மறுபடி சந்தேகமாகிறது என்று பார்த்துக்கொண்டே போகலாம். பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக்கரடி இதற்குத்தான். பட்ஜெட் இல்லை என்று புலம்புகிற உதவி இயக்குநர் நண்பர்கள் யாராவது இருந்தால் இந்தப் படத்தை அனுப்பிவையுங்கள்.

மெஃபிஸ்டோ (1981)

இப்போது இதற்கு வரலாம். ஜெர்மன் மொழியில் எடுத்த படம், ஜெர்மன் ஒலியோடு பாருங்கள். வேறு மொழி டப்பிங் எதுவும் வேண்டாம், காரணம் கிளௌஸ் மரியா பிரண்டவர் என்ற வியன்னா நாடக நடிகரின் குரல். அந்தக் குரல் கெஞ்சும், குழையும், மேடையில் ஏறினால் கர்ஜிக்கும். குரலை எடுத்துவிட்டால் பாதிப் படம் போயிற்று. ஹங்கேரியின் தேசிய திரைப்பட நிறுவனம் செப்பனிட்ட பிரதி இருக்கிறது, அதையே தேடுங்கள்.

மூலம் கிளௌஸ் மான் 1936இல் எழுதிய நாவல். குஸ்டாஃப் கிருண்ட்கென்ஸ் என்ற நிஜ நடிகரை மனதில் வைத்து எழுதியது. அவர் கிளௌஸ் மானின் அக்கா எரிகாவை மணந்து பிரிந்தவர், பிறகு நாஜித் தலைவர்களில் ஒருவரான கோரிங்கின் தயவில் பெர்லின் அரசு நாடக அரங்கின் தலைவரானவர். இறந்தவரின் பெயருக்குக் களங்கம் என்று வழக்குப் போட்டு மேற்கு ஜெர்மனியில் பல ஆண்டுகள் இந்த நாவலைத் தடுத்தே வைத்திருந்தார்கள்.

முதல் காட்சியிலேயே எல்லாம் இருக்கிறது. மேடையில் வேறு ஒரு நடிகைக்குக் கைத்தட்டல் இடிபோல விழுகிறது. ஒப்பனை அறையில் படத்தின் நாயகனான நடிகன் ஹென்றிக் ஹெஃப்கென் அந்தச் சத்தத்தைத் தாங்க முடியாமல் காதைப் பொத்திக்கொண்டு அலறுகிறான். அந்தக் கைத்தட்டலுக்காக இவன் எதையும் தருவான் என்பது நமக்குப் புரிந்துவிடும், எதையெல்லாம் என்பதுதான் மீதிப் படம். முதலில் இடதுசாரி நாடகம், அப்புறம் பெர்லின், அப்புறம் ‘ஃபாவுஸ்ட்’ நாடகத்தில் ஆன்மாவை விலைக்கு வாங்கும் சாத்தானான மெஃபிஸ்டோ வேடம். மனைவி நாட்டை விட்டுப் போகிறாள், கறுப்பினக் காதலி விரட்டப்படுகிறாள், பழைய தோழன் கொல்லப்படுகிறான், இவன் மட்டும் ஒவ்வொரு தடவையும் ஒரு படி மேலே. கூழுக்கும் ஆசை மீசைக்கும் ஆசை என்று நாம் சிரித்துக்கொண்டு சொல்வதைச் சிரிப்பே வராமல் காட்டினால் எப்படி இருக்கும், அப்படி.

உயிர் இருக்கிற இடம் அந்தக் கைகுலுக்கல். நாடக இடைவேளையில் நாஜி ஜெனரல் ஒருவர் அவனை அரங்கின் மேல்தளத்தில் தான் உட்கார்ந்திருக்கும் தனி இருக்கைப் பெட்டிக்கு வரவழைக்கிறார். முகமெல்லாம் வெள்ளைப் பூச்சு, மெஃபிஸ்டோ வேடத்தைக் கலைக்காமலே போகிறான். கீழே அரங்கமே திரும்பி மேலே பார்க்கிறது. இத்தனை வலிமையான வேடம் போடுகிறவனின் கை இவ்வளவு தளர்வாக இருக்கிறதே என்று ஜெனரல் வியக்கிறார். யார் யாருக்கு வேடம் போட்டுக் காட்டுகிறார்கள், யார் நிஜமான சாத்தான் என்ற கேள்வி அந்தப் பெட்டியிலேயே முடிவாகிவிடுகிறது. பின்னால் ஒருநாள் நண்பனுக்காகப் பரிந்து பேசப் போகிறபோது அதே ஜெனரல் ‘நடிகன்’ என்பதை வசவாக்கிக் கத்தி வெளியே துரத்துவார். இந்த இரண்டையும் அடுத்தடுத்து ஓடவிட்டுப் பாருங்கள்.

திரைக்கதை எழுதக் கற்றுக்கொள்கிறவர்களுக்குத் தனியாக ஒன்று. இதை பேட்டர் தோபாயோடு சேர்ந்து எழுதினார், கான் திரைப்பட விழாவில் திரைக்கதைக்குப் பரிசு கிடைத்தது. ஹெஃப்கென் எந்த இடத்திலும் ‘இன்றோடு நான் விலைபோகிறேன்’ என்று முடிவெடுப்பதில்லை. ஒவ்வொரு காட்சியிலும் அவனுக்கு நியாயமான ஒரு காரணம் இருக்கிறது: கலை, நண்பர்களைக் காப்பாற்றலாம், நான் போய்விட்டால் இன்னும் மோசமான ஆள் வருவான். ஒரு தாளில் இந்தக் காரணங்களை மட்டும் வரிசையாக எழுதிப் பாருங்கள், ஒவ்வொன்றும் தனியாக எடுத்தால் சரியாகத்தான் இருக்கும். வில்லனை எப்படி எழுதுவது என்று நடக்கும் பயிலரங்குகளைவிட இது உருப்படியான வேலை.

இங்கே நிறுத்துங்கள்

2006 ஜனவரியில் ஹங்கேரியின் இலக்கிய வார இதழ் ஒன்று பழைய ஆவணங்களை வைத்து ஒரு கட்டுரை வெளியிட்டது. 1956 எழுச்சி நசுக்கப்பட்ட பிறகு, திரைப்படக் கல்லூரி மாணவராக இருந்த காலத்தில், சாபோ ரகசியப் போலீசுக்குத் தகவல் கொடுத்து வந்திருக்கிறார், தன் வகுப்புத் தோழர்களைப் பற்றியும் ஆசிரியர்களைப் பற்றியும் அறிக்கைகள் எழுதியிருக்கிறார், அதற்கென்று ஒரு மறைபெயரும் இருந்தது. எழுச்சியில் பங்கெடுத்த ஒரு வகுப்புத் தோழனைக் காப்பாற்றவே அப்படிச் செய்தேன் என்பது அவருடைய முதல் பதில். அந்தப் பதில் முழு உண்மையில்லை, தன்னைக் காப்பாற்றிக்கொள்ளும் எண்ணமும் இருந்தது என்று பிறகு ஒத்துக்கொண்டார். நாட்டின் அறிவாளிகள் நூற்றுக்கும் மேற்பட்டோர் அவருக்கு ஆதரவாகக் கையெழுத்திட்டார்கள், வேறு பலர் கடுமையாகத் திட்டினார்கள்.

இருபது வயதுகூட ஆகாத பையன், பிடித்துக்கொண்டு போய்க் கையெழுத்து வாங்கியிருக்கிறார்கள் என்பதை மறக்கக் கூடாது. ஐம்பது வருடம் அதைச் சொல்லாமலே இருந்தார் என்பதையும் மறக்கக் கூடாது. இரண்டில் ஒன்றை மட்டும் பிடித்துக்கொண்டு பேசுகிறவர்களோடு எனக்கு ஒத்துவரவில்லை. ஆனால் ஒன்று, அவர் அதைச் சொல்லாமல் இருந்த ஐம்பது வருடத்தில் படம் படமாகச் சொல்லிக்கொண்டுதான் இருந்திருக்கிறார். பாலத்தில் பட்டை மாறிய தாக்கோ, யாரையும் நம்பாத யானோஷ், ஹெஃப்கென், ‘கர்னல் ரெட்ல்’ (1985) படத்தில் ஏழை வீட்டிலிருந்து வந்து பேரரசருக்கு விசுவாசமாக இருப்பதற்காகவே சக அதிகாரிகளை வேவு பார்க்கும் அந்த ஆள். இந்தச் செய்தியை நான்காவதாக வைக்கச் சொன்னது இதனால்தான். முதலிலேயே தெரிந்தால் எல்லாப் படத்தையும் வாக்குமூலமாகவே பார்ப்போம், படம் படமாக இருக்காது. தெரியாமலே விட்டால் அடுத்து வருவது பாதிதான் புரியும்.

டேக்கிங் சைட்ஸ் (2001)

போருக்குப் பிந்திய பெர்லின். நாஜி ஆட்சியிலும் நாட்டை விட்டுப் போகாமல் இசை நடத்திய பெரும் இசைநடத்துநர் வில்ஹெல்ம் ஃபுர்ட்வாங்லரை ஓர் அமெரிக்க மேஜர் விசாரிக்கிறார். ரொனால்ட் ஹார்வுட் எழுதிய நாடகம், அதனால் பேச்சுத்தான் அதிகம், முதல் இருபது நிமிடம் பொறுமை வேண்டும். ஹார்வி கைட்டல் நடிக்கும் மேஜர் ஊரில் காப்பீட்டு இழப்பு மதிப்பிடுகிற வேலை பார்த்தவர், பீத்தோவனைக் கேட்டால் தூங்கிவிடுவார், கத்துவார், அவமானப்படுத்துவார். ஸ்டெல்லன் ஸ்கார்ஸ்கார்டு பெரும்பாலும் உட்கார்ந்து குறுகிக்கொண்டே இருக்கிறார். நீங்கள் யார் பக்கம் என்று படம் நடுவில் இரண்டு மூன்று தடவை மாறும், மாறட்டும்.

இசைக்குழுவில் ரோட என்று ஒரு வயலின்காரர் வருவார், சின்ன வேடம். நாஜி காலத்தில் குழுவுக்குள்ளேயே இருந்து வேவு சொன்னவர், இப்போது மேஜரிடம் மாட்டிக்கொண்டு அவருக்குத் தகவல் சொல்கிறவராக ஆகிறார். ஆட்சி மாறியது, வேலை மாறவில்லை. படம் வந்தது 2001, கட்டுரை வந்தது 2006. இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நின்று அந்த ஆளை எப்படி நடிக்கச் சொல்லியிருப்பார் என்று யோசித்தால் கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது.

முடிவில் சாபோ நிஜமான பழைய செய்திப்படத் துண்டு ஒன்றைப் போடுகிறார். 1942, கச்சேரி முடிகிறது, கோயபல்ஸ் மேடைக்குப் பக்கம் வந்து கை நீட்டுகிறார், ஃபுர்ட்வாங்லர் குனிந்து கைகுலுக்குகிறார். கைகுலுக்கிய பிறகு, கையில் இருக்கும் கைக்குட்டையால் அந்தக் கையைத் துடைப்பதுபோல ஒரு அசைவு. அதைப் பெரிதாக்கி மறுபடி காட்டுகிறார். அருவருத்துத் துடைத்தாரா, வியர்வையா, வழக்கமான அசைவா? அதைவிட, துடைத்துவிட்டால் போதுமா? ‘மெஃபிஸ்டோ’வின் கைகுலுக்கலை எடுத்து இருபது வருடம் கழித்து வரும் இந்தத் துண்டு, நடிகர்கள் யாரும் இல்லாமலே.

சன்ஷைன் (1999)

மூன்று மணி நேரம், ஆங்கிலப் படம், ரால்ஃப் ஃபைன்ஸ் அப்பா, மகன், பேரன் என்று மூன்று வேடம். நம் ஆட்களுக்குப் பழக்கமான ஏற்பாடு. மூலிகை மதுவில் பணம் சம்பாதித்த சோன்னன்ஷைன் என்ற யூதக் குடும்பம். இக்னாட்ஸ் நீதிபதியாக உயரப் பெயரைச் சோர்ஷ் என்று மாற்றிக்கொள்கிறான். மகன் ஆதாம் அதிகாரிகளின் வாள்வீச்சுச் சங்கத்தில் சேர மதம் மாறுகிறான், 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் தங்கம் வாங்குகிறான். பேரன் இவான் கம்யூனிஸ்ட் போலீசில் சேர்ந்து ஆட்களை விசாரிக்கிறான். உழைப்பு முகாமில் நீ யார் என்று கேட்டு அடிக்கிறபோது, ஆதாம் தான் ஒலிம்பிக் வீரன், ஹங்கேரிய ராணுவ அதிகாரி என்றே திரும்பத் திரும்பச் சொல்கிற காட்சி வரும், உறைபனியில் தண்ணீரைப் பீய்ச்சுவார்கள், மகன் பார்த்துக்கொண்டு நிற்பான். சாப்பிட்டுக்கொண்டே பார்க்க வேண்டாம்.

குறையும் உண்டு. மூன்று தலைமுறையைத் திணித்ததில் கடைசிப் பகுதி ஓட்டமாக ஓடுகிறது, எல்லோரும் ஆங்கிலம் பேசுவது முதலில் உறுத்தும், அரைமணி நேரத்தில் பழகிவிடும். ஒரே உட்காரலில் முடியாவிட்டால் ஒவ்வொரு தலைமுறையாக மூன்று இரவுகளில் பாருங்கள், படம் தாங்கும்.

மற்றவை

நேரம் இருந்தால் முதலில் ‘கர்னல் ரெட்ல்’. அடுத்து ‘ஸ்வீட் எம்மா, டியர் பேபெ’ (1992), இதை யாரும் பேசுவதில்லை, எனக்கு மிகவும் பிடித்தது: ஆட்சி மாறியதும் ரஷ்ய மொழி ஆசிரியைகள் இருவருக்கு வேலை போகும் நிலை, ராத்திரி ஆங்கிலம் படித்துப் பகலில் அதையே சொல்லிக்கொடுக்க வேண்டும், செலவில்லாமல் வேகமாக எடுத்த படம். ‘ஹனுசென்’ (1988) பிரண்டவருக்காகப் பார்க்கலாம். ‘மீட்டிங் வீனஸ்’ (1991) பாரிஸில் ஓப்பரா போடப்போய் சாபோ பட்ட பாட்டிலிருந்து வந்த நகைச்சுவை. ‘பீயிங் ஜூலியா’ (2004) மனசு லேசாக வேண்டும் என்கிற அன்றைக்கு, ஆனட் பெனிங் ஆஸ்கர் பரிந்துரை வரை போன வேடம். ‘தி டோர்’ (2012) படத்தின் மூல நாவலை எழுதிய மக்தா சாபோ இவருக்கு உறவில்லை, நாவலை முதலில் படித்துவிடுங்கள், படம் அதற்கு ஈடு கொடுக்கவில்லை.

2020இல் வந்த ‘ஃபைனல் ரிப்போர்ட்’டைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். ‘ஹனுசென்’னுக்குப் பிறகு முப்பது வருடத்துக்கும் மேல் கழித்து பிரண்டவர் திரும்ப வருகிறார், மருத்துவமனை மூடப்பட்டதால் சொந்த கிராமத்துக்கே வைத்தியம் பார்க்கப் போகும் இதய நோய் மருத்துவராக. பெரிய படம் என்று சொல்லமாட்டேன். ஆனால் மறுபடியும் ஒரு மருத்துவர், அதுவும் எண்பது தாண்டிய மகன் எடுத்தது. ‘ஃபாதர்’ பார்த்தவர்களுக்கு அது போதும்.